நடிகருக்கு மூச்சுக் கொடுப்பவர்கள்



'நடிப்புக் கலை தரும் ஊக்கம்' என்ற பொருளில் இந்த அறக்கட்டளைச் சொற்பொழிவில் பேசும்படி பணித்திருக்கிறீர்கள். இந்தப் பொருளை எடுத்துக்கொண்டவர்கள் வழக்கமாக ஒரு பெரிய நடிகரின் வாழ்க்கையைச் சொல்வார்கள். வறுமையில் பிறந்தார், அவமானப்பட்டார், தளராமல் உழைத்தார், உச்சிக்குப் போனார், நீங்களும் போகலாம் என்று முடிப்பார்கள். கேட்கிற நேரத்தில் நெஞ்சு நிமிரும். மறுநாள் காலையில் என்ன செய்வது என்று யோசித்தால் கையில் ஒன்றும் இருக்காது. அதனால் நான் வேறு வழியில் போகிறேன். நடிகருக்கு ஊக்கம் எங்கிருந்து வந்தது என்று நம்முடைய வரலாற்றைக் கேட்டுப் பார்க்கிறேன். அது நடிகரின் உள்ளத்தில் தானாக ஊறியது என்பதற்குச் சான்று குறைவு. அவரைச் சுற்றியிருந்த சிலர் அதற்கென்று ஏற்பாடு செய்தார்கள் என்பதற்குச் சான்று நிறைய இருக்கிறது. ஏற்பாடு இருந்த இடத்தில் நடிகர்கள் உருவானார்கள்; ஏற்பாடு கலைந்த இடத்தில் திறமை இருந்தும் மேடை காலியாகக் கிடந்தது. இதுதான் நான் நிறுவ விரும்புவது. இதற்கு வரக்கூடிய மறுப்புகளுக்கும் விடை சொல்ல முயல்கிறேன்.

சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையிலிருந்து தொடங்கலாம். ஐந்து வயதில் பயிற்சியைத் தொடங்கி, ஏழாண்டு கற்று, பன்னிரண்டு வயதில் மாதவி சோழ மன்னன் முன்பு அரங்கேறுகிறாள். அந்தக் காதையில் மாதவியைப் பற்றிய அடிகள் எத்தனை, மற்றவர்களைப் பற்றிய அடிகள் எத்தனை என்று பாருங்கள். ஆடலாசிரியன் எதையெல்லாம் அறிந்திருக்க வேண்டும், இசையாசிரியனுக்கு என்ன தகுதி, பாட்டு எழுதிக் கொடுக்கும் புலவன் எப்படிப்பட்டவனாக இருக்க வேண்டும், தண்ணுமைக்காரன், குழலோன், யாழோன் ஆகியோர் எப்படி ஒருவர் வாசிப்பை மற்றவர் மறைத்துவிடாமல் துணைநிற்க வேண்டும் என்று இளங்கோவடிகள் வரிசையாகச் சொல்லிக்கொண்டே போகிறார். ஆறு பேரைச் சொல்லி முடித்த பிறகும் மாதவி மேடையேறவில்லை. அடுத்து அரங்கு வருகிறது. இருபத்துநான்கு விரல் கொண்ட கோலால் அளந்து, ஏழு கோல் அகலம், எட்டுக் கோல் நீளம், ஒரு கோல் உயரம். அதோடு மூவகைத் திரைகள்: ஒருமுக எழினி, பொருமுக எழினி, கரந்துவரல் எழினி. கூடவே விளக்கு. தூணின் நிழல் ஆடுபவள் மீதும் அவையினர் மீதும் விழாமல் புறத்தே போய்விழும்படி விளக்கை நிறுத்த வேண்டும் என்று ஒரு குறிப்பு இருக்கிறது. பன்னிரண்டு வயதுப் பெண் ஒருத்தி மன்னன் முன்பு நிற்கப் போகிறாள், அவள் முகத்தில் நிழல் விழுந்துவிடக் கூடாது என்று எவரோ ஒருவர் முன்கூட்டியே கவலைப்பட்டிருக்கிறார். ஆடல் நன்றாக அமைந்து, தலைக்கோற் பட்டமும் ஆயிரத்தெட்டுக் கழஞ்சு பொன்னும் அவளுக்குக் கிடைத்தன. நாம் பட்டத்தையும் பொன்னையும் நினைவில் வைத்துக்கொண்டோம். விளக்கை நகர்த்தி வைத்தவரை மறந்துவிட்டோம்.

இதே ஏற்பாடு, செல்வமும் மன்னனும் இல்லாத ஊர்ப்புறத்தில் எப்படி இருந்தது என்பதற்குத் தெருக்கூத்தைப் பார்க்க வேண்டும். வட தமிழ்நாட்டில் பாரதக் கூத்து விடிய விடிய நடக்கும். இருவர் ஒரு துணியைத் திரையாகப் பிடித்துக்கொள்ள, வேடம் கட்டியவர் அதன் பின்னால் நின்றே தம் வருகையைப் பாடத் தொடங்குவார். தலையில் கிரீடம், தோளில் புஜகீர்த்தி, மார்பில் பதக்கம், காலில் சலங்கை. இத்தனை பாரத்தையும் சுமந்துகொண்டு பாடவும் வேண்டும், சுழன்று ஆடவும் வேண்டும், வசனமும் பேச வேண்டும். எவ்வளவு தேர்ந்த ஆட்டக்காரருக்கும் மூச்சு வாங்கும். அதற்காகவே மேடையின் பின்பகுதியில் ஆர்மோனியத்தோடும் தாளத்தோடும் பின்பாட்டுக்காரர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். ஆட்டக்காரர் ஓர் அடியைப் பாடி முடிக்கிற இடத்தில், குரல் தணியுமுன்பே, அவர்கள் அந்த அடியைக் கைப்பற்றித் திருப்பிப் பாடுவார்கள். பாட்டு அறுந்துபோகாது. அந்த நேரத்தில் ஆட்டக்காரர் ஒரு சுற்றுச் சுற்றி, மூச்சைப் பிடித்துக்கொண்டு, அடுத்த அடிக்குத் தயாராகிவிடுவார். கூத்தின் கோமாளியான கட்டியங்காரன் குறுக்கே புகுந்து நீ யார், எங்கிருந்து வருகிறாய் என்று கேட்பதும் கேலிக்காக மட்டும் வைத்த ஏற்பாடு இல்லை. அந்தக் கேள்விகளைப் பற்றிக்கொண்டுதான் வேடக்காரர் தம்மைச் சபைக்கு நிலைநாட்டுகிறார். ஒருவருக்கு மூச்சு முட்டும்போது அவர் விட்ட இடத்திலிருந்து இன்னொருவர் எடுத்துக்கொள்வதை ஒரு வேலையாகவே வகுத்து, அதற்கு ஆள் போட்டு, இரவு முழுவதும் உட்கார வைத்திருக்கிறது இந்தக் கலை. ஊக்கம் என்று நாம் சொல்வதைக் கண்ணால் பார்க்க வேண்டுமானால் அந்தப் பின்பாட்டு வரிசையைத்தான் பார்க்க வேண்டும்.

நடிகருக்கு வேண்டிய நிமிர்வு எங்கிருந்து வருகிறது என்பதற்கு இலக்கண நூலிலும் விடை உண்டு. தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் எட்டு மெய்ப்பாடுகளைச் சொல்லி, ஒவ்வொன்றும் எதிலிருந்து பிறக்கும் என்று நந்நான்கு நிலைக்களன்களை வகுக்கிறது. அவற்றுள் பெருமிதம் கல்வியிலிருந்தும் அஞ்சாமையிலிருந்தும் புகழிலிருந்தும் கொடையிலிருந்தும் பிறப்பதாகச் சொல்கிறது. புகழ் நான்கில் ஒன்றாகத்தான் வருகிறது, அதுவும் மூன்றாவதாக. கல்வி முதலில் வருகிறது. தெரிந்து செய்கிறவனுக்கு வருகிற நிமிர்வு, கைதட்டலுக்கு முந்தையது. கொடையை இங்கே சேர்த்திருப்பது எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது. தன்னிடம் இருப்பதைப் பிறருக்குக் கொடுக்கும்போது கொடுப்பவனுக்கே பெருமிதம் உண்டாகிறது என்பதை நடிப்பில் நாள்தோறும் காணலாம். எதிரில் நிற்கும் நடிகருக்கு ஒரு பார்வையை, ஓர் இடைவெளியை, சரியான நேரத்தில் ஒரு சொல்லைக் கொடுக்கத் தெரிந்தவரே நல்ல நடிகர்.

நவீன காலத்துக்கு வருவோம். பம்மல் சம்பந்த முதலியார் 1873-இல் பிறந்தவர், தொண்ணூறுக்கும் மேற்பட்ட நாடகங்களை எழுதியவர். இளமையில் அவருக்குத் தமிழ் நாடகத்தின் மேல் அருவருப்புத்தான் இருந்தது. அதைத் தம் 'நாடக மேடை நினைவுகள்' நூலில் அவரே எழுதியிருக்கிறார். அது மாறியது 1891-இல். பெல்லாரியிலிருந்து கிருஷ்ணமாச்சார்லுவின் சரச விநோதினி சபையார் சென்னைக்கு வந்து தெலுங்கில் நாடகம் நடத்தினார்கள். படித்தவர்கள், உத்தியோகத்தில் இருப்பவர்கள் மேடையேறி மதிப்போடு நடிப்பதை அங்கே கண்டார். அதே ஆண்டு ஜூலை முதல் நாள் சென்னையில் சுகுண விலாச சபை தோன்றியது. வழக்கறிஞர்களும் அதிகாரிகளும் அதில் வேடம் கட்டினார்கள். பின்னாளில் விடுதலைப் போராட்டத் தலைவர் சத்தியமூர்த்தியும் நடித்தார். சம்பந்த முதலியாரோ நீதிபதியாக இருந்துகொண்டே நடித்தார். இங்கே ஊக்கம் எந்த வழியாக வந்தது? வேற்று மொழிக்காரர்கள், வேற்று ஊர்க்காரர்கள், நன்றாகச் செய்து காட்டினார்கள். அவ்வளவுதான். அந்த நூலைப் படிப்பவர்களுக்கு இன்னொன்றும் புலப்படும். சம்பந்த முதலியார் தம்மைப் பற்றி எழுதுவதற்கு ஈடாகத் தம்முடன் நாயகி வேடம் ஏற்ற ரங்கவடிவேலுவைப் பற்றி எழுதுகிறார். நல்ல எதிர்நடிகர் கிடைத்ததால்தான் தாம் நன்றாக நடித்ததாக நம்பிய மனிதர் அவர்.

இங்கே முதல் மறுப்பு எழும். பயிற்சி, ஏற்பாடு என்கிறீர்களே, தமிழ் நடிப்பின் மிகப்பெரிய பயிற்சிக்களம் சிறுவர்களை வைத்து நாடகம் நடத்திய பாய்ஸ் கம்பெனிகள்தானே, அங்கே பிள்ளைகள் பட்ட பாடு உங்களுக்குத் தெரியாதா என்று கேட்பீர்கள். தெரியும். நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபாவைத் தொடங்கினார். அதில் சேர்ந்தபோது நாடக நடிகர் தி.க. சண்முகத்துக்கு ஆறு வயது. அந்தக் காலத்துக் கம்பெனிகளில் பிள்ளைகள் ஆண்டுக்கணக்கில் வீட்டு முகம் பார்க்காமல் ஊர் ஊராக அலைந்தார்கள். பாடம் தவறினால் பிரம்படி விழுந்தது. பள்ளிப்படிப்பு இல்லை. பெண்களுக்கு அங்கே இடமே இல்லை. இவற்றை நியாயப்படுத்த ஒரு சொல்லும் சொல்ல மாட்டேன். அடித்ததால்தான் நடிகரானார்கள் என்று இன்றும் சிலர் பெருமையாகச் சொல்வது தவறு. அடிபட்டு ஓடிப்போன பிள்ளைகள் தம் வரலாற்றை எழுதவில்லை. நின்று வென்றவர்களின் நூல்களை மட்டும் வைத்துப் பிரம்புக்குப் புகழ் சேர்க்கக் கூடாது. சுகுண விலாச சபையில் யாரும் யாரையும் அடிக்கவில்லை, அங்கேயும் நடிப்பு வளர்ந்தது.

ஆனால் பிரம்பை எடுத்துவிட்டுப் பார்த்தால் கம்பெனியில் மிஞ்சுவது எது? வாத்தியார் ஒவ்வொரு பிள்ளைக்கும் வாய்ப்பாடமாகச் சொல்லிக் கொடுத்தார். தன் பாடத்தோடு மற்றவர் பாடத்தையும் பிள்ளைகள் கேட்டுக் கேட்டு மனப்பாடமாக்கினார்கள். ஒருவனுக்குக் காய்ச்சல் கண்டால் இன்னொருவன் வேடத்தைக் கட்டிக்கொண்டு போனான். அபிமன்யு நாடகம் முழுவதையும் சுவாமிகள் ஒரே இரவில் எழுதிக் கொடுத்ததாகச் சண்முகம் சொல்கிறார். ஒரு சிறுவனுக்கு ஏற்ற வேடம் வேண்டும் என்பதற்காக ஒரு பெரும்புலவர் இரவெல்லாம் கண்விழித்தார் என்றால், அந்தச் சிறுவனுக்கு அதைவிடப் பெரிய ஊக்கம் வேறென்ன இருக்க முடியும்? சண்முகம் தம் வாழ்நாள் முழுவதும் சுவாமிகளின் பெயரைச் சொல்லாமல் மேடை ஏறியதில்லை என்று சொன்னாலும் மிகையாகாது.

இரண்டாவது மறுப்பு இன்னும் வலுவானது. ஆயிரம் ஏற்பாடு இருக்கட்டும், சிவாஜி கணேசன் பிறவிக் கலைஞர், அவரை யார் உருவாக்க முடியும் என்பார்கள். அவருடைய ஆற்றலை நான் குறைத்துப் பேசவில்லை. 1952 அக்டோபரில் 'பராசக்தி' வெளிவந்தபோது அவருக்கு இருபத்துநான்கு வயது. அதற்குள் மேடையில் பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் கழித்திருந்தார். ஒரே ராமாயண நாடகத்தில் சீதை, பரதன், சூர்ப்பனகை, இந்திரசித்து என்று வெவ்வேறு காலத்தில் வெவ்வேறு வேடம் கட்டியவர். சீதையாக நின்று சூர்ப்பனகையைப் பார்த்திருக்கிறார், சூர்ப்பனகையாக நின்று சீதையைப் பார்த்திருக்கிறார். இத்தனைக்கும் பிறகு, படப்பிடிப்பு நடந்துகொண்டிருக்கும்போதே பையன் ஒல்லியாக இருக்கிறான், வேறு நாயகனைப் போடலாம் என்ற பேச்சு எழுந்தது. தயாரிப்பாளர் பி.ஏ. பெருமாள் அசையவில்லை. பொங்கல்தோறும் வேலூருக்குப் போய் அவரை வணங்கி வருவதைச் சிவாஜி வழக்கமாக வைத்திருந்தார். பிறவி ஆற்றலே போதும் என்று நினைத்தவர் இப்படி ஆண்டுதோறும் வேலூருக்குப் பயணம் போயிருக்க மாட்டார்.

நம் மலேசியாவின் மலாய்த் திரையிலும் இதற்கு நேரான ஒரு நிகழ்ச்சி உண்டு, அது நம் பிள்ளைகளுக்குச் சொல்லப்படுவதில்லை. பி. ரம்லி 1948-இல் 'சிந்தா' படத்தில் துணைவேடத்தில் அறிமுகமானார். நல்ல குரல் இருந்ததால் மற்றவர்களுக்குப் பின்னணி பாடினார். கதாநாயகனுக்குரிய முகவெட்டு அவருக்கு இல்லை என்பதே அன்றைய எண்ணம். 1950-இல் வந்த 'பக்தி'யில் அவரை நாயகனாக்கி, அவர் குரலிலேயே அவரைப் பாடவும் வைத்தவர் எல். கிருஷ்ணன். சென்னையில் பிறந்து பினாங்கில் வளர்ந்த தமிழர் அவர். அதுதான் அவர் இயக்கிய முதல் படமும்கூட. முதல் படத்திலேயே எல்லோரும் வேண்டாம் என்ற முகத்தை நம்பிப் பணயம் வைத்தார். மலாய்த் திரையின் ஈடிணையற்ற கலைஞருக்குப் பின்னால் ஒரு தமிழரின் நம்பிக்கை இருக்கிறது என்பதில் நாம் பெருமைப்படலாம். அதைவிட, அந்த நம்பிக்கையை இன்று நம் வீட்டுப் பிள்ளைகள்மேல் யார் வைக்கிறார்கள் என்று கேட்டுக்கொள்வது நல்லது.

கைதட்டல் போதாதா, இன்று கைப்பேசியில் ஒரு நிமிடம் நடித்துப் போட்டால் ஆயிரம் பேர் விரும்பிவிடுகிறார்களே, அது ஊக்கம் இல்லையா என்றும் கேட்கலாம். கான்ஸ்டன்டின் ஸ்டானிஸ்லாவ்ஸ்கியின் வாழ்க்கையில் இதற்கு விடை இருக்கிறது. 1898-இல் மாஸ்கோ கலை அரங்கைத் தோற்றுவித்தவர்களில் ஒருவர் அவர். இப்சனின் 'மக்கள் பகைவன்' நாடகத்தில் டாக்டர் ஸ்டாக்மனாக நடித்துப் பெரும்புகழ் பெற்றார். 1906-இல் அவருடைய குழு ஜெர்மனியிலும் பிற நாடுகளிலும் பாராட்டில் நனைந்து திரும்பியது. அந்தக் கோடையில் பின்லாந்தில் ஓய்வெடுக்கப் போனவர், தம் ஸ்டாக்மன் உள்ளே செத்துப் போயிருப்பதைக் கண்டுகொண்டார். கை அசைகிறது, குரல் எழுகிறது, சபை கைதட்டுகிறது. ஆனால் முதலில் அந்த வேடத்தைப் பிறப்பித்த உணர்ச்சி அங்கே இல்லை, உடம்பு பழக்கத்தால் ஆடிக்கொண்டிருக்கிறது. புகழின் உச்சியில் இருந்த நாற்பத்துமூன்று வயது நடிகரை அந்தக் கைதட்டல் காப்பாற்றவில்லை. படைப்பூக்கத்தை நேராகக் கட்டளையிட்டு வரவழைக்க முடியாது, அது வருவதற்கான நிலத்தைப் பண்படுத்தி வைக்கலாம் என்ற முடிவுக்கு அவர் வந்தார். உடலைத் தளர்த்துவது, கவனத்தை ஓரிடத்தில் நிறுத்துவது, இந்த இடத்தில் நான் இருந்தால் என்ன செய்வேன் என்று கேட்டுக்கொள்வது, எதிரில் இருப்பவரை உண்மையாகவே கேட்பது என்று அவர் வகுத்த பயிற்சிமுறை அங்கிருந்து தொடங்கியது. இன்று உலகில் நடிப்புப் பள்ளி நடத்துபவர் எவரும் அதைத் தொடாமல் போக முடியாது.

சென்னையில் ந. முத்துசாமியும் நண்பர்களும் 1977-இல் தொடங்கிய கூத்துப்பட்டறையும் அந்த வகைப் பண்படுத்தும் இடம்தான். புரிசை ஊரைச் சேர்ந்த தம்பிரான் குடும்பத்தாரின் தெருக்கூத்தைப் பார்த்து வியந்த முத்துசாமி, அதன் உடல்மொழியை நவீன நடிகர்களின் பயிற்சிக்குள் கொண்டுவந்தார். பசுபதியும் கலைராணியும் குரு சோமசுந்தரமும் அங்கே உருவானவர்கள். விஜய் சேதுபதி அங்கே கணக்கராக வேலை பார்த்துக்கொண்டே நடிகர்களின் பயிற்சியைக் கவனித்துக்கொண்டிருந்தார். பயிற்சி நாள்தோறும் நடக்கிற ஓர் இடம் இருந்தால், கணக்கெழுத வந்தவருக்கும் அதிலிருந்து ஊக்கம் கிடைக்கும். இடமே இல்லாதபோது கண்ணால் பார்க்கவும் ஒன்றும் இருக்காது.

இனி நம் மஞ்சோங் வட்டாரத்துக்கு வருகிறேன். ஆயர் தாவாரையும் சித்தியவானையும் சுற்றி ஒரு காலத்தில் ரப்பர்த் தோட்டங்கள் இருந்தன, பிறகு செம்பனை வந்தது. பெரட்டு என்ற ஆள்கணக்கெடுப்புக்கு நின்று, விடியுமுன் பால் வெட்டி, பால் சேர்த்து, ஸ்டோரில் நிறுத்துக் கொடுத்துவிட்டு வந்தவர்கள், மாரியம்மன் திருவிழா நெருங்கினால் இரவில் நாடக ஒத்திகை பார்த்தார்கள். பவளக்கொடியும் அரிச்சந்திராவும் ஆடினார்கள், சீர்திருத்த நாடகமும் போட்டார்கள். இது எப்படி நடந்தது என்று எண்ணிப் பாருங்கள். எல்லோருக்கும் ஒரே நேரத்தில் வேலை முடிந்தது. எல்லோரும் தோட்டத்து வரிசை வீடுகளான லயங்களில் அடுத்தடுத்து இருந்தார்கள். எழுதிக் கொடுக்கவும் பாடம் சொல்லவும் தோட்டப் பள்ளிக்கூடத்து வாத்தியார் அங்கேயே குடியிருந்தார். கோவிலுக்குத் திருநாள் இருந்தது, திருநாளுக்கு ஒரு தேதி இருந்தது. தேதி முடிவாகிவிட்டால் ஒத்திகை தானாக நடக்கும். இலங்கை மலையகத்துத் தேயிலைத் தோட்டங்களில் காமன் கூத்தில் ரதியும் மன்மதனுமாக வேடமிடுகிறவர்கள் விரதம் இருந்து, தோட்டமே கூடி நாள் குறித்து ஆடுவதும் இதே ஏற்பாட்டின் இன்னொரு வடிவம். அந்த வாழ்க்கையின் வறுமையையும் அடிமைத்தனத்தையும் நான் ஏக்கத்தோடு பேச வரவில்லை. லயத்து வாழ்க்கை போனது நல்லதே. அதோடு நாடகத்துக்கான நேரமும் இடமும் ஆளும் போய்விட்டன என்பதையும் சொல்லத்தான் வேண்டும். தோட்டம் துண்டாடப்பட்டுக் குடும்பங்கள் பட்டணத்துப் புறம்போக்குகளுக்கும் அடுக்குமாடி வீடுகளுக்கும் போனபோது, ஒருவருக்குக் காலை ஷிப்ட், இன்னொருவருக்கு இரவு ஷிப்ட், வாத்தியார் வேறு ஊரில், கோவில் வேறு நிர்வாகத்தில். திறமை குறைந்துவிடவில்லை. பின்பாட்டு வரிசைதான் கலைந்துவிட்டது.

அந்தக் கலைவின் கதையைத்தான் சஞ்சய் குமார் பெருமாள் இயக்கிய 'ஜகாட்' சொல்கிறது. 2015 இறுதியில் திரைக்கு வந்து, மறு ஆண்டு 28-ஆவது மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியத் திரைப்படமாகத் தேர்வு பெற்றது. தோட்டத்தை விட்டு வந்த குடும்பத்தில், துடுக்கும் கற்பனையும் நிறைந்த அப்போய் என்ற சிறுவன். பிள்ளை படித்து முன்னேற வேண்டும் என்பதைத் தவிர வேறொன்றும் அறியாத தகப்பன், அதற்குக் கையில் பிரம்பைத் தவிர வேறு கருவி இல்லாதவன். ஒரு பக்கம் பள்ளி, மறுபக்கம் குண்டர் கும்பல். அந்தச் சிறுவனிடம் இருப்பது ஒரு நடிகனின் துடிப்பு என்று எனக்குத் தோன்றுகிறது. அதை ஏந்திக்கொள்ள ஒரு கை இல்லை. சிறுவனாக நடித்த ஹர்விந்த் ராஜைப் பார்த்தவர்கள், நம் பிள்ளைகளிடம் என்ன இருக்கிறது என்பதை ஐயமின்றித் தெரிந்துகொண்டார்கள். அந்தப் படத்தை எடுத்த குழுவே அவருக்கு அந்த ஏற்பாடாக அமைந்தது. அடுத்த ஆண்டு, 2017-இல், 'அடிவிராக்கு' என்ற மலாய்ப் படத்தில் கெடா கிராமப்புறப் பள்ளி ஆசிரியையாக நடித்த சங்கீதா கிருஷ்ணசாமி அதே விழாவில் சிறந்த நடிகைக்கான விருதைப் பெற்றார். உண்மை நிகழ்ச்சியைத் தழுவிய அந்தப் படத்தில், ஆங்கிலத்துக்கு அஞ்சும் பிள்ளைகள் கூட்டாக ஒப்புவிக்கும் போட்டிக்காகப் பயிற்சி பெறுகிறார்கள். தனியாக வாய் திறக்க அஞ்சிய பிள்ளை, கூட்டத்தின் குரலோடு சேர்ந்தபோது பேசுகிறது. கூத்தின் பின்பாட்டு செய்த வேலையை அங்கே பள்ளித் தோழர்கள் செய்கிறார்கள்.

ஈப்போவில் பிறந்த மிஷல் இயோ 2023-இல் ஆஸ்கார் பெற்றபோது பேராக் முழுவதும் மகிழ்ந்தது. அவரைப் பற்றி இங்கே விரித்துப் பேசப் போவதில்லை. ஒன்றை மட்டும் குறிப்பிடுகிறேன். நடனமணியாக வேண்டும் என்று லண்டனில் பாலே பயின்றவர் அவர். காயத்தால் அந்தக் கனவு முறிந்தது. ஆனால் அந்தப் பயிற்சி உடம்பில் தங்கியிருந்ததால்தான், தற்காப்புக் கலை பயிலாதவராக ஹாங்காங் சண்டைப் படங்களுக்குள் புகுந்து நிலைக்க முடிந்தது. சிறுவயதில் ஒரு கலையை முறையாகக் கற்றால், அது எந்த வாசல் வழியாகத் திரும்பி வரும் என்று யாரும் சொல்ல முடியாது.

கடைசியாக, பெற்றோர்கள் மனத்தில் இருக்கும் மறுப்பு. நம் சமுதாயத்துக்கு மருத்துவரும் பொறியாளரும் வேண்டும், எஸ்.பி.எம். என்ற பள்ளியிறுதித் தேர்வில் தேர்ச்சி வேண்டும், நடிப்பை வைத்துக்கொண்டு இந்த நாட்டில் எப்படிப் பிழைப்பது என்பது. நியாயமான கவலைதான். மலேசியத் தமிழ் நடிகர்களில் நடிப்பை மட்டுமே நம்பி வாழ்பவர் மிகச் சிலர். அதை மறைத்துவிட்டு எந்தப் பிள்ளைக்கும் ஆசை காட்டக் கூடாது. ஆனால் நடிப்பு கற்றவர்கள் அனைவரும் நடிகராக வேண்டும் என்று யார் சொன்னது? சுகுண விலாச சபையின் வழக்கறிஞர்கள் வழக்கறிஞர்களாகவே இருந்தார்கள். நம் தோட்டத்து நடிகர்கள் பால்வெட்டுத் தொழிலாளர்களாகவே இருந்தார்கள். நடிப்பு கற்றால் நேர்முகத் தேர்வில் நன்றாகப் பேசலாம், ஆளுமை வளரும் என்று சிலர் இதை விற்கிறார்கள். அப்படியும் நடக்கலாம். நான் அதற்காகக் கேட்கவில்லை. தன்னைப் போல் இல்லாத ஒருவரின் துயரத்தை ஒரு மணி நேரம் தன் உடம்பில் ஏற்று நடப்பதும், தன் பக்கத்தில் நிற்பவன் தடுமாறினால் அவன் வசனத்தை எடுத்துக் கொடுப்பதும், அவற்றின் பொருட்டே கற்கத்தக்கவை. பன்னிரண்டு வயதில் இதைப் பழகிய பிள்ளை, மருத்துவராகப் போனாலும் லாரி ஓட்டப் போனாலும், பிறரைக் கவனிக்கத் தெரிந்தவனாகப் போவான். அதற்கு மேலும் போக விரும்பும் ஓரிருவருக்குக் கோலாலம்பூரில் அஸ்வாரா கலைக்கழகம் நாடகத்தில் முறையான படிப்பை வைத்திருக்கிறது. அந்த வாசல்வரை அவர்களைக் கொண்டுபோய் விடுவது நம் கடமை.

எனவே இந்த அறக்கட்டளையாருக்கு ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். ஆண்டுதோறும் போட்டி வைத்துக் கேடயமும் சான்றிதழும் கொடுத்து வருகிறீர்கள். போட்டி முடிந்த மறுநாள் பிள்ளைகளுக்கு அடுத்த ஒத்திகை கிடையாது. அந்தச் செலவில் ஒரு பகுதியை எடுத்து, நடிப்புப் பயிற்சி தெரிந்த ஒருவருக்கு மாதச் சம்பளம் கொடுங்கள். வாரத்தில் ஒரு நாள், ஆயர் தாவார் தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகளோடு பக்கத்துத் தமிழ்ப்பள்ளிப் பிள்ளைகளையும் சேர்த்து, இரண்டு மணி நேரம் பயிற்சி நடக்கட்டும். பெண்பிள்ளைகளுக்குச் சரிபாதி இடம் வையுங்கள். பிரம்பு உள்ளே வரக் கூடாது. கோவில் நிர்வாகத்தார் திருவிழாவில் ஓர் இரவை அவர்களுக்கு ஒதுக்கித் தேதியை இப்போதே சொல்லிவிட வேண்டும். பெற்றோர் ஆசிரியர் சங்கத்தார் வண்டிக்கும் சாப்பாட்டுக்கும் பொறுப்பேற்க வேண்டும். விளக்குப் போடத் தெரிந்த இளைஞர்கள் இந்த ஊரில் இருக்கிறார்கள், அவர்களையும் கூப்பிடுங்கள். அடுத்த ஆண்டு இந்தச் சொற்பொழிவுக்கு யாரை அழைத்தாலும், அவர் பேசுவதற்கு முன்னால் அரை மணி நேரம் அந்தப் பிள்ளைகளின் நாடகம் இந்த மேடையில் நடக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.